கற்பனை உலகத்துக்குத் தத்துவம் எழுதுகிறவர்கள் முதலில் எதிராளியை உருவாக்குங்கள்

தமிழில் வரும் மிகுபுனைவுக் கதைகளில் ஒரு முனிவர் தவறாமல் இருக்கிறார். மலையில் குந்திக்கொண்டு 'யாவும் ஒன்றே' என்பார். நாயகன் தலையாட்டிவிட்டு வாளை எடுத்துக்கொண்டு போவான். ஆயிரம் வருடப் பழைய மரபு இது என்று கதையே சொல்லும். அந்த ஆயிரம் வருடத்தில் ஒருத்தராவது எழும்பி "உமக்கு அது எப்படித் தெரியும்?" என்று கேட்கவில்லையா? கேள்வியே படாத கொள்கை நாட்காட்டித் தாளில் கிழித்துப்போடுகிற பொன்மொழிதான்.

ஆகவே குருவைப் பிறகு பார்க்கலாம், முதலில் எதிராளியை உருவாக்குங்கள் என்பது என் கட்சி.

மாதிரி தேடி வெளியில் போகத் தேவையில்லை. மணிமேகலையின் 27ஆம் காதையை எடுங்கள். வஞ்சி நகரில் சமயவாதிகள் வரிசையாகத் தங்கள் கொள்கையைச் சொல்கிறார்கள். முதலில் பேசுகிறவர் அளவைவாதி. எவையெல்லாம் அறிவுக்கு வழி என்ற கணக்கைத்தான் அவர் முதலில் வைக்கிறார்: வியாசர் பத்து என்றார், கிருதகோடி எட்டு, சைமினி ஆறு. 29ஆம் காதையில் மணிமேகலையின் பௌத்த குரு அறவண அடிகள் காட்சி (நேரே காண்பது), கருத்து (ஊகித்து அறிவது) என்ற இரண்டோடு முடித்துவிடுகிறார். 27ஆம் காதை வரிசையில் வரும் பூதவாதியோ, அதாவது பூதங்களின் சேர்க்கையே உலகம் என்பவர், கண்கூடு ஒன்றே போதும் என்கிறார்.

உங்கள் உலகத்துக்கும் இதுதான் அத்திவாரம். மந்திரம் உள்ள ஊரில் அளவைகளின், அதாவது அறியும் வழிகளின், பட்டியல் மாறியே ஆகவேண்டும். செத்தவர் வந்து சாட்சி சொல்வார் என்றால் அது காட்சியா, பிறர் சொல் கேட்டறிவதா? இதைத் தீர்க்காமல் எழுதினால், மறுமை பற்றிச் சந்தேகமே வரமுடியாத ஊரில் ஒருவர் மறுமையை 'நம்பி' உயிர் விடுவார்.

ஒன்றைக் கட்டிப் பார்ப்போம். ஏழுதுறை என்று ஒரு துறைமுகம். அங்கே விளக்கின் முன் பொய் சொன்னால் சுடர் மங்கும். அதிசயம் இந்த ஒன்று போதும். இரண்டு வைத்தால் எதற்கு எது காரணம் என்ற குழப்பத்திலேயே வாதம் செத்துவிடும். சுடர் உண்மையை அறியும் என்பவர் சுடர்வாதி. பேசுகிறவர் மனசில் இருப்பதை மட்டுமே அறியும் என்பவர் நெஞ்சவாதி. ஓட்டைக் கப்பலை நல்லதென்று நம்பி விற்கிறவர் முன் சுடர் மங்கவில்லை. சுடர்வாதி என்ன சொல்வார்? "விற்கும்போது நல்லாத்தான் இருந்தது." அடுத்த கப்பலில் மாட்டுப்படுவார். பிறகு, "சுடர் எல்லாம் அறியும், எல்லாவற்றையும் காட்டாது" என்று திருத்துவார். மூன்று தலைமுறை இப்படி அடிவாங்கித் திருத்துவதைக் காட்டினால் மரபு பழையது என்று நீங்கள் சொல்லவே வேண்டாம்.

அடுத்தது நடைமுறை. பெரும்பாலானோர் விடுகிற பிழை இங்கேதான். காற்றுக்கும் சுடர் மங்குமே! ஆகவே இரண்டு விளக்கு: ஒரே அளவு எண்ணெய், ஏழு இழை முறுக்கிய திரி. ஒன்று பேசுகிறவருக்கு ஒரு முழத்தில், மற்றது பத்து முழம் தள்ளி. இரண்டும் சேர்ந்து மங்கினால் காற்று. மூச்சுப் பட்டது என்று எதிராளி தடை சொல்வார். அதற்காகப் பேசுமுன் உயிரெழுத்துப் பன்னிரண்டையும் உரக்கச் சொல்லவேண்டும். அப்போதே சுடர் ஆடினால் முன்விளக்கைப் பின்னுக்கு நகர்த்துவார்கள். கேள்விக்கும் பாட்டுக்கும் சுடர் மங்குமா? "நாளைக்குத் தருவேன்" என்ற வாக்குக்கு? சொல்லும்போது தரும் எண்ணம் இருந்தது, விடிந்ததும் மாறிவிட்டது என்றால்? இங்கே ஒவ்வொன்றும் ஒரு வழக்கு.

கள்ளவேலையும் தானாக முளைக்கும். கிட்டங்கிச் சரக்கைப் பற்றிப் பொய்க்கணக்கு ஒன்றைச் சின்னப் பெடியனுக்கு நம்பவைத்து அவனைச் சாட்சிக்கு அனுப்புவார் ஒரு முதலாளி. சுடர் அசையாது. அதற்குப் பிறகுதான் நெஞ்சவாதிகள் சட்டம் போடுவார்கள்: சாட்சி தனக்கு அது எந்த வழியால் தெரியவந்தது என்பதையும் விளக்கின் முன் சொல்லவேண்டும்.

எண்ணெய்க்குக் காசு யார் தருகிறார்கள்? இதை எழுதாத உலகம் காற்றில் நிற்கிறது. வவுனியாவில் பெரியபுளியங்குளம் குகைக் கல்வெட்டு விசாகன் என்ற தமிழ் வணிகனின் பெயரைச் சொல்கிறது. துறவிகளுக்குக் குகை கொடுத்தவர்களில் வணிகரும் உண்டு. ஏழுதுறையில் உப்பு வியாபாரிகள் எண்ணெய் கொடுத்தால், உப்பு விலைப் பேச்சு விளக்கின் முன் வராது என்று ஒரு 'பழைய வழக்கம்' இருக்கும்.

பிளவுகளைப் பெருங்கொள்கைகளுக்காக மட்டும் வைக்காதீர்கள். கொழும்பு பஸ்ஸில் பிக்குமாரைக் கவனித்தால் ஒரு தோள் திறந்த சீவர உடையும் தெரியும், இரு தோளும் மூடியதும் தெரியும். நிகாய என்பது பிக்குமாரின் பிரிவு. சியாம் நிகாய ஒரு தோளைத் திறந்துவிடும். அமரபுர, ராமஞ்ஞ நிகாயக்கள் இரண்டையும் மூடும். அமரபுர நிகாய 1803இல் உருவானதற்குக் காரணம் கண்டியில் உபசம்பதா என்ற முழுத் துறவு தீட்சை ஒரே சாதிக்கு என்று ஆனது. கொள்கை, உடுப்பு, சாதி மூன்றும் பின்னிக்கிடக்கும். உங்கள் சுடர்வாதிகளும் நல்லெண்ணெயா, தேங்காயெண்ணெயா என்று பிரியட்டும். அதற்கடியில் எந்தத் தெருக்காரர் எந்த எண்ணெயை விற்கிறார் என்பது இருக்கட்டும்.

வாதத்தில் யார் தீர்ப்புச் சொல்வது என்பதையும் முன்கூட்டியே முடிவுசெய்யுங்கள். 1873இல் பௌத்தருக்கும் கிறிஸ்தவருக்கும் நடந்த பாணந்துறை விவாதத்தில் கூட்டம்தான் நீதிபதி. டேவிட் டி சில்வா பாதிரியார் பாளியும் சமஸ்கிருதமும் கலந்து பேசினார், சனத்துக்கு ஏறவில்லை. கொட்டாஞ்சேனை விகாரையிலிருந்து போன குணானந்த தேரர் சனத்தின் மொழியில் வெளுத்துக்கட்டினார். கற்றவர் சபை நீதிபதியாக இருந்திருந்தால் இருவரும் வேறு மாதிரிப் பேசியிருப்பார்கள்.

கடைசியாக, மரபின் மூலநூலை நீங்கள் எழுதித் தரவேண்டியதில்லை. பௌத்தக் காப்பியமான குண்டலகேசி முழுசாக நம்மிடம் இல்லை. அதை மறுக்க எழுந்த சமண நூலான நீலகேசி இருக்கிறது, எதிராளியின் நூலும் உரையும்தான் பலதைக் காப்பாற்றித் தந்தன. ஆசீவகர் என்ற பழைய சமயத்தாரின் கதி இன்னும் மோசம், அவர்கள் கையால் எழுதிய நூல் ஒன்றும் இல்லை. நெஞ்சவாதிகளின் நூலும் எரிந்து போகட்டும். அவர்களைத் திட்டி ஒரு சுடர்வாதி எழுதிய மறுப்பு மட்டும் மிஞ்சட்டும். அதில் இரண்டு இடத்தில் அவர் அவர்களைப் பிழையாக விளங்கியிருக்கவேண்டும், ஒரு இடத்தில் வேண்டுமென்றே திரித்திருக்கவேண்டும். எது எது என்று கதையில் எங்கும் சொல்லாதீர்கள். மறுப்பு மூன்று பக்கத்தைத் தாண்டவும் வேண்டாம், அதற்குமேல் போனால் வாசகர் சண்டைக் காட்சிக்குத் தாவிவிடுவார்.