கட்டில் வேண்டாம் என்ற பிரிகேடியர்

1947-48 இந்தியா-பாகிஸ்தான் போரில் உயிர்நீத்த இந்திய ராணுவ அதிகாரி பிரிகேடியர் முகமது உஸ்மான் பற்றிய உங்கள் கட்டுரையில், ஜம்மு-காஷ்மீரில் நடந்த நௌஷேரா சண்டை விரிவாக இருக்கிறது, அதே பகுதியில் உள்ள ஜாங்கரை மட்டும் ஒரே வரியில் முடித்துவிட்டீர்கள். எனக்கு அவர் வாழ்க்கையே அங்கேதான் தெரிகிறது. பிரிவினையில் பாகிஸ்தான் பக்கம் போன பலூச் ரெஜிமெண்ட் என்ற படைப்பிரிவில் இருந்தவர், அப்போது பாகிஸ்தான் அழைத்தும் போகவில்லை. 50-ஆவது பாராசூட் பிரிகேடுக்குத் தலைமை ஏற்ற அதே 1947 டிசம்பரில் ஜாங்கர் பாகிஸ்தான் தரப்பிடம் கைவிட்டுப் போனது. மீட்கும்வரை கட்டிலில் படுக்க மாட்டேன் என்று சபதம் செய்தார். காஷ்மீர் குளிரில் தரையில்தான் தூக்கம்! 1948 மார்ச்சில் ஜாங்கரை மீட்டார்கள், அப்புறம்தான் கட்டில். ஜூலை 3-இல் அதே ஜாங்கரில் பீரங்கிக் குண்டுக்குப் பலியானார். 36 வயது நிறைய இன்னும் 12 நாள் இருந்தது. இறுதிச் சடங்குக்கு நேருவே வந்தார். டெல்லி ஜாமியா மிலியா பக்கம் போனால் அவர் கல்லறையைப் பார்த்துவிட்டு வாருங்கள்.