அந்தப் படத்துக்கு மேலே ஒரு வார்த்தை

நேற்று முழுக்கச் சுற்றிய லெனின் படத்தைத்தான் சொல்கிறேன். 1923 கோடை, மாஸ்கோ பக்கத்து கோர்கி கிராமம், சக்கர நாற்காலி, அகல விரிந்த கண்கள். மேலே "சிபிலிஸ்" என்று ஒரே வார்த்தை; அந்தப் பால்வினை நோய்தான் அவரைக் கொன்றதாம். கீழே வரிசையாகச் சிரிப்பு முகங்கள்.

ஐயா, பிரேதப் பரிசோதனை அறிக்கை என்று ஒன்று இருக்கிறது. 1924 ஜனவரி 21 மாலை இறந்தார். மறுநாளே மருத்துவர் அப்ரிகோசவ் அறுத்துப் பார்த்தார். மண்டைக்குள் மூளைக்கு ரத்தம் கொண்டுபோகும் இடது கரோடிட் தமனி அடைத்துக் கெட்டிப்பட்டுக் கிடந்தது. இடுக்கியால் தட்டினால் கல் மாதிரி சத்தம் கேட்டது என்று சுகாதார ஆணையர் செமாஷ்கோவே சொன்னார். இடப்பக்க மூளைக்கு ரத்தம் நின்றால் வலது கைகால் விழும், பேச்சு போகும். அதேதான் நடந்தது. 1922 மே, டிசம்பர், 1923 மார்ச் என்று மூன்று பக்கவாதத் தாக்கு. மூன்றாவதோடு பேச்சு போனது. அப்பா இல்யாவும் மூளை ரத்தக்கசிவில் 54 வயதில் போனவர். மகனுக்கு 53. இதற்கு சிபிலிஸ் எதற்கு?

"அப்போ சிபிலிஸ் மருந்து ஸால்வர்சான் ஏன் கொடுத்தாங்க?" என்று வருவீர்கள், தெரியும். ஐம்பதைத் தாண்டியதுமே பக்கவாதம் என்றால் அந்தக் காலத்து மருத்துவர் முதலில் சந்தேகிப்பதே அதைத்தான். சிபிலிஸைக் கண்டுபிடிக்கும் வாஸர்மன் சோதனை நெகடிவ். சந்தேகத்தில் கொடுத்துப் பார்த்த மருந்தா நோய்க்குச் சாட்சி? அறிக்கையைப் படியுங்கள்.

"கட்சி மறைத்ததே?" மறைத்தது. ஒழுங்காக உடல்நிலை அறிக்கை வந்ததே மூன்றாவது தாக்குக்குப் பிறகுதான்.

மறைத்தது நம்மிடம் மட்டுமா? அவரிடமும்தான். கட்சி எடுத்த 1922 டிசம்பர் 24 முடிவைப் பாருங்கள்: ஒரு நாளைக்கு 5 முதல் 10 நிமிடம் சொல்லி எழுத வைக்கலாம், எழுதியதற்குப் பதில் எதிர்பார்க்கக் கூடாது, அரசியல் சேதி எதுவும் வீட்டார்கூடச் சொல்லக் கூடாது. மேற்பார்வை ஸ்டாலின். லெனின் சொல்லச் சொல்ல ஒரு கடிதம் எழுதிக் கொடுத்ததற்காக அவர் மனைவி குரூப்ஸ்கயாவைத் தொலைபேசியில் திட்டித் தீர்த்தவரும் அதே மேற்பார்வையாளர்தான். மன்னிப்புக் கேள், இல்லையென்றால் உறவு முறிந்தது என்று ஸ்டாலினுக்கு லெனின் எழுதியது 1923 மார்ச் 5. ஒரு வாரம்கூட ஆகவில்லை, மூன்றாவது தாக்கில் லெனினின் வாய் அடைத்துவிட்டது.

அதன் பிறகு மிஞ்சியது "வோத்-வோத்". நம் "இதோ இதோ" மாதிரி. கோபத்துக்கும் அதுதான், சம்மதத்துக்கும் அதுதான். ஆசிரியையாக இருந்த மனைவி பக்கத்தில் உட்கார்ந்து பேசக் கற்றுக்கொடுத்தார். இடது கையால் எழுதிப் பழகினார் மனிதர். அந்த அக்டோபரில் மாஸ்கோ போய், கிரெம்ளினில் தன் அறையை ஒருமுறை பார்த்துவிட்டுத் திரும்பினார்.

படம் இருக்கட்டும். அந்த ஒரு வார்த்தையை எடுத்துவிடுங்கள்.