'ஸ்பீடி'யை நறுக்காதீர்கள்

மௌனப்படக் காலத்து அமெரிக்க நகைச்சுவை நடிகர் ஹரால்ட் லாயிட் என்றாலே கடிகார முள்ளில் தொங்கும் காட்சியைத்தான் எல்லோரும் பகிர்கிறார்கள். அவருடைய ஆகச் சிறந்த படம் 1928இல் வந்த 'ஸ்பீடி' என்பேன். நியூயார்க்கைத் தவிர வேறெந்த ஊரிலும் அந்தச் சிரிப்பு பிறந்திருக்காது.

ஊரின் கடைசிக் குதிரை டிராம் பற்றிய கதை. 24 மணி நேரத்துக்கு ஒருமுறையாவது வண்டி ஓடினால்தான் தண்டவாள உரிமை அதை நடத்தும் கிழவரிடம் நிற்கும். பறிக்க வரும் அடியாட்களை எதிர்ப்பது போலீஸ் இல்லை, தெருவில் கடை வைத்திருக்கும் வயசாளிகள். நாயகன் லாயிட் சோடாக் கடையில் நியூயார்க் பேஸ்பால் அணியான யாங்கீஸின் ஸ்கோரைப் பலகாரத்திலேயே எழுதுகிறான்: பூஜ்யத்துக்கு டோநட், 3க்குக் கடித்த ப்ரெட்சல் (முறுக்குப் போன்ற பண்டம்). பிறகு டாக்சி ஓட்டும்போது ஏறுகிறவர் யாங்கீஸின் நட்சத்திர ஆட்டக்காரர், நிஜ பேப் ரூத்! அவர் 60 ஹோம் ரன் அடித்த 1927இல் எடுத்த படம். டிரைவர் சாலையை விட்டுவிட்டுப் பின்சீட்டையே திரும்பித் திரும்பிப் பார்ப்பது ஏன் என்று அன்றைய நியூயார்க்காரருக்கு யாரும் விளக்கியிருக்க வேண்டாம்.

கிழவர் குடியிருக்கும் பேட்டைக்கு லாஸ் ஏஞ்சலஸில் செட் போட்டார்கள். டிராம் பாய்ந்தோடும் துரத்தலில் பெரும்பகுதி நிஜத் தெரு. நியூயார்க் தெருவில் எடுக்கும்போது டிராம், மேலே ஓடும் ரயிலைத் தாங்கும் இரும்புத் தூணில் மோதியது. திட்டமிடாத விபத்து. அந்த ஷாட்டைத் தூக்கி எறியாமல், உடைந்த சக்கரத்துக்குப் பதில் பாதாளச் சாக்கடை மூடியை மாட்டி ஓட்டுவதாகக் கதையை வளைத்தார்கள். படத்திலேயே எனக்கு மிகப் பிடித்த இடம் அது. ஊரே கதை எழுதிக் கொடுத்திருக்கிறது.

இதைத்தான் இப்போது ரீல்ஸுக்காக வெட்டுகிறார்கள். படத்தின் சட்டகம் 4:3 (அகலம்:உயரம்). 9:16 செங்குத்தாக்கினால் அகலத்தில் சுமார் 58 சதவீதம் போய்விடும். லாயிட் மிஞ்சுவார், அவர் மோதப்போகும் லாரி மிஞ்சாது. 16:9 ஆக்கினால் உயரத்தில் கால்பங்கு காலி. மேலே ரயில் பாலம், கீழே தண்டவாளம் இரண்டும் அடிபடும். போதாததற்கு வேகத்தை வேறு கூட்டுகிறார்கள். துரத்தல்களைக் கேமராவின் கைப்பிடியை மெதுவாகச் சுழற்றி, நொடிக்குக் குறைந்த ஃப்ரேம்களில் எடுப்பதே அக்கால வழக்கம். நொடிக்கு 16 ஃப்ரேமில் எடுத்ததை 24இல் ஓட்டினால் ஏற்கெனவே ஒன்றரை மடங்கு வேகம். அதற்கு மேலும் கூட்டினால் குதிரையின் கால் தரையில் பாவாது, மோதலுக்குக் கனமே இருக்காது.

திரையிட நினைக்கும் நண்பர்கள் இரு பக்கமும் கறுப்புப் பட்டை விழட்டும் என்று விட்டுவிடுங்கள். கார்ல் டேவிஸ் இசையமைத்த பிரதி கிடைத்தால் அதையே போடுங்கள்.