மலை வீட்டுக்கும் முகப்பு உண்டு

காரைக்குடியிலிருந்தும் தேவகோட்டையிலிருந்தும் ஞாயிற்றுக்கிழமை விடியுமுன் மலைக்குப் புறப்படும் வேன்கள் பெருகிவிட்டன. வாட்ஸ்அப் குழுக்களில் வரும் அறிவிப்புகள் ஏறக்குறைய ஒரே வார்ப்பில் இருக்கின்றன: எளிய மலைநடை, அருவிக் குளியல், பழங்குடி மக்களின் பண்பாட்டு அனுபவம், மூன்று வேளை உணவு, இரவுக்குள் வீடு. இந்தப் பயணங்களை நான் முழு மனத்தோடு ஆதரிக்கிறேன் என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஆனால் அந்த அறிவிப்பில் மூன்றாவதாக வரும் வரியை இன்று பலர் நடத்தும் விதத்தில் நடத்தக் கூடாது என்பது என் உறுதியான கருத்து. அதற்கான காரணங்களைச் சற்று விரிவாகவே எழுத விரும்புகிறேன்.

நம்முடையது செம்மண் பூமி. கண்மாயும் ஊருணியும் பொட்டலும் பார்த்து வளர்ந்தவர்கள் நாம். மலை என்று சொல்லிக்கொள்ளக் குன்றக்குடிக் குன்றும், சிங்கம்புணரிப் பக்கம் பாரியின் பறம்பு என்று சொல்லப்படும் பிரான்மலையும்தான் அருகில் இருக்கின்றன. நடப்பது நமக்குப் புதிதல்ல; தைப்பூசத்துக்குக் காவடியோடு பழனிக்கு நடக்கும் வழக்கம் தலைமுறை தலைமுறையாக இருக்கிறது. ஆனால் அது நேர்த்திக்கடனுக்காக ஊர்ச்சாலையில் நடக்கும் நடை. மர நிழலில், ஒற்றையடிப் பாதையில், கேட்கத் தோன்றியதையெல்லாம் கேட்டுக்கொண்டு மெதுவாக நடக்கும் வாய்ப்பு நம் வீடுகளில் பலருக்கு, அதிலும் பெண்களுக்கு, பிள்ளைகளுக்குத் திருமணம் முடித்த பிறகுதான் கிடைக்கிறது. மூட்டுவலியைப் பொருட்படுத்தாமல் எங்களோடு கொல்லிமலைக்கு வந்த ஓர் ஆச்சி, பாதி வழியில் ஒரு பாறைமேல் உட்கார்ந்து, இந்தக் காற்றுக்காகவே இன்னொரு தடவை வரலாம் என்று சொன்னார். அந்தச் சொல்லுக்காகவே இந்தப் பயணங்கள் தொடர வேண்டும் என்று நினைக்கிறேன்.

அன்று எங்களுக்கு வழிகாட்டியவர் கொல்லிமலையின் மலையாளிப் பழங்குடியைச் சேர்ந்த ஒரு பெண். (கேரளத்து மலையாளிகளோடு இவர்களைச் சேர்த்துக் குழப்பிக்கொள்ள வேண்டாம், இவர்கள் தமிழ் பேசும் மலைவாழ் மக்கள்.) தோட்டத்து ஓரமாக, மரத்தைத் தழுவி ஏறியிருந்த மிளகுக் கொடியின் முன் அவர் நின்றார். ஒரு சரத்தைக் கையில் ஏந்திக் காட்டினார். மணிகள் எல்லாம் பச்சையாக இருந்தன. ஒன்றிரண்டு மட்டும் செம்மஞ்சளாகத் திரும்பியிருந்தன. “ஒரு மணி பழுத்தாப் போதும்மா, சரத்தையே பறிச்சிரலாம். எல்லாம் பழுக்கட்டும்னு விட்டா குருவிக்குத்தான்” என்றார். பறித்ததைப் பாயில் பரப்பி வெயிலில் நாள்கணக்கில் காயவிட்டால்தான் பச்சைத் தோல் சுருங்கிக் கறுக்கிறது. மிளகு இல்லாமல் ஒரு நாளும் அடுப்பு எரியாத வீட்டிலிருந்து போன நாங்கள், அந்தச் சரத்தை ஒருவர் கையிலிருந்து ஒருவர் வாங்கி வாங்கிப் பார்த்தோம். அவருடைய கொடி, அவருடைய கணக்கு, அவருடைய பேச்சு. பண்பாட்டு அனுபவம் என்று அறிவிப்பில் எழுதியிருந்தது உண்மையில் எங்களுக்குக் கிடைத்த இடம் அதுதான். அதற்கென்று நிகழ்ச்சி நிரலில் ஒரு நிமிடமும் ஒதுக்கப்பட்டிருக்கவில்லை.

நிரலில் ஒதுக்கப்பட்டிருந்தது வேறொன்று. ஒரு நாள் பயணத்தின் நேரக் கணக்கைப் பார்த்தாலே சிக்கல் எங்கிருந்து தொடங்குகிறது என்று தெரிந்துவிடும். புதுக்கோட்டை, திருச்சி, நாமக்கல் வழியாகக் காரவள்ளி அடிவாரம் சேரவே நான்கு மணி நேரத்துக்கு மேல் ஆகிறது. அதற்குப் பிறகு 70 கொண்டை ஊசி வளைவுகள். ஆகாய கங்கை அருவிக்கு ஆயிரத்துக்கும் மேற்பட்ட படிகள் இறங்கி ஏற வேண்டும். வயதானவர்கள் இருந்தால் அதற்கே அரை நாள் போய்விடும். அறப்பளீஸ்வரர் கோயிலை விட முடியாது. இருட்டுமுன் வளைவுகளில் இறங்கிவிட வேண்டும். ஆக, பண்பாட்டுக்கு மிஞ்சுவது மதிய உணவுக்குப் பின் அரை மணி நேரம். அந்த அரை மணிக்குள் ஓர் ஆட்டம், ஒரு பாட்டு, ஒரு வீடு, ஒரு குழுப் புகைப்படம் எல்லாம் அடங்கியாக வேண்டும். எனவே ஆடுகிறவர்கள் முன்கூட்டியே வேலையை விட்டுவிட்டு வந்து காத்திருக்கிறார்கள்.

எங்கள் வேன் போய்ச் சேரத் தாமதமாகிவிட்டது. அவர்கள் காலையிலிருந்து காத்திருந்தார்கள். ஆட்டம் தொடங்கிச் சில நிமிடங்களிலேயே எங்களில் பாதிப்பேர் கைப்பேசித் திரை வழியாகத்தான் பார்த்தோம். ஏற்பாட்டாளர் நேரமாகிறது என்று கையசைத்ததும் ஆட்டம் நடுவில் நின்றது. அதற்குள் வேனில் வந்த ஒருவர், பக்கத்து வீட்டுக் கதவைத் தள்ளித் திறந்து உள்ளே அடுப்பைப் படம் எடுக்கத் தொடங்கியிருந்தார். உள்ளே முறத்தில் சாமை புடைத்துக்கொண்டிருந்த பெண், ஒன்றும் சொல்லாமல் முறத்தைத் தூக்கிக்கொண்டு சுவரோரமாக நகர்ந்து இடம் விட்டார். ஏற்பாட்டாளர் தடுக்கவில்லை.

செட்டிநாட்டில் பிறந்த ஒருவருக்கு இதற்குமேல் விளக்கம் தேவையில்லை என்று நினைக்கிறேன். நம் வீடுகளைப் பார்க்க வெளியூரிலிருந்தும் வெளிநாட்டிலிருந்தும் ஆட்கள் வருகிறார்கள். கானாடுகாத்தானிலும் ஆத்தங்குடியிலும் கட்டணம் வாங்கிக்கொண்டு வீடு காட்டுகிறோம். அதில் தவறு ஒன்றும் இல்லை, பல வீடுகளின் ஓடு மாற்றும் செலவுக்கு அந்தப் பணம் உதவுகிறது. ஆனால் எதுவரை வரலாம் என்பதை நாம்தான் முடிவு செய்கிறோம். முகப்பில் உட்காரலாம், பட்டாலைக் கூடத்தைப் பார்க்கலாம், வளவு முற்றத்துத் தூண்களைப் படம் எடுக்கலாம்; உள்பக்கமான இரண்டாங்கட்டுக்கு மேல் போகக் கூடாது என்றால் போகக் கூடாது. பங்காளிகள் கூடி முன்னோருக்குப் படைப்பு நடத்தும் நாளில் எவ்வளவு பணம் கொடுத்தாலும் வெளியாள் உள்ளே வர முடியாது. வந்தவர் ஒருவர் கேட்காமல் அடுப்படிக்குள் நுழைந்து, அங்கே உட்கார்ந்திருக்கும் ஆச்சியைப் படம் எடுத்தால் நாம் என்ன செய்வோம்? மலையில் உள்ள வீட்டுக்கும் முகப்பு உண்டு, உள்வீடு உண்டு. கட்டடமாக அது பிரிந்து தெரியவில்லை என்பதாலேயே இல்லை என்று ஆகிவிடாது.

அந்த மக்கள் யார் என்பதைப் பயண ஏற்பாட்டாளர்கள் வேனில் ஒலிபெருக்கியில் சொல்லும் விதமும் எனக்கு உறுத்துகிறது. காட்டுக்குள் வெளியுலகம் அறியாமல் வாழ்கிறவர்கள் என்ற பாணியில் பேசுகிறார்கள். கொல்லிமலையின் மலையாளிகள் வளப்பூர் நாடு, சேளூர் நாடு, தேவனூர் நாடு என்று நாடுகளாகப் பிரிந்து வாழும் வேளாண் மக்கள். காஞ்சியிலிருந்து புறப்பட்டு மலைகளில் குடியேறிய அண்ணன் தம்பிகளின் வழிவந்தவர்கள் தாங்கள் என்பது அவர்களுடைய மரபுக் கதை. நம் நகரத்தார் சமூகத்தின் மரபுக் கதையிலும் காஞ்சி வருகிறது. அங்கிருந்து காவிரிப்பூம்பட்டினம், பிறகு பாண்டிய நாடு என்று நம் பெரியவர்கள் சொல்லிக் கேட்டிருக்கிறோம். ஒரே ஊரைத் தம் பழம்பதியாகச் சொல்லிக்கொள்ளும் இரு கூட்டத்தார் சந்திக்கும்போது பேசிக்கொள்ள எவ்வளவோ இருக்கிறது. ஆடச் சொல்லி ஒரு கூட்டம் வட்டமாக உட்காருவது அந்தச் சந்திப்புக்கு நல்ல தொடக்கம் அல்ல.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். மதிய உணவில் பழங்குடி உணவு என்று சாமைச் சோறு பரிமாறப்படுகிறது. ஆனால் மலையில் சாமையும் தினையும் பனிவரகும் விளைந்த நிலங்களில் பெரும்பகுதியை ஜவ்வரிசி ஆலைகளுக்குப் போகும் மரவள்ளி பிடித்துக்கொண்டு வெகு காலம் ஆகிறது. மரவள்ளி காசு தருகிறது. சாமையோ உமி நீக்குவதற்குள் கையை ஓய்த்துவிடும் தானியம். எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம் 1990களிலிருந்து அங்கே சிறுதானிய ரகங்களைக் காக்கவும், ஊர்க் குழுக்கள் நடத்தும் உமி நீக்கும் இயந்திரங்களை அமைக்கவும் உழைத்திருக்கிறது. அப்படிக் காப்பாற்றப்பட்ட சாமையை நாம் ஒரு வேளை ருசி பார்த்துவிட்டு, திரும்பும் வழியில் நாமக்கல்லில் காபி குடிக்க இறங்குகிறோம். ஆளுக்கு இரண்டு கிலோ வாங்கி வந்தால் அந்த நிலத்தில் அடுத்த ஆடிக்கு எதை விதைப்பது என்ற முடிவில் நமக்கும் சிறு பங்கு இருக்கும்.

இப்படி எழுதினால் ஒரு பதில் வரும் என்று எனக்குத் தெரியும்: அவர்களே விரும்பித்தானே ஆடுகிறார்கள், அதில் அவர்களுக்கும் வருமானம்தானே, அதைக் கெடுக்க நீ யார்? நியாயமான கேள்வி. வருமானம் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. ஆனால் காட்சியாக நிற்பதற்குக் கூலி வாங்குவதும், தன் மலையைத் தானே காட்டுவதற்கு ஊதியம் வாங்குவதும் ஒன்றல்ல. தாய்லாந்தில் இரண்டும் அருகருகே இருக்கின்றன. அந்நாட்டின் உயரமான மலையான தோய் இந்தனோனில், பா தோக் சியோ என்ற காட்டுப் பாதையில் அவ்வூர்க் கரேன் பழங்குடி வழிகாட்டி இல்லாமல் நடக்க முடியாது. நடை முடிவது அவர்களுடைய நெல் வயல்களுக்கும் காபித் தோட்டத்துக்கும் நடுவே உள்ள ஊரில். அதே நாட்டின் வடமேற்கில், கழுத்தில் பித்தளை வளையம் அணியும் கயான் பெண்களைக் காணக் கட்டணம் வாங்கும் ஊர்கள் இருக்கின்றன. அவர்கள் பர்மாவின் உள்நாட்டுப் போருக்குத் தப்பி வந்தவர்கள். நியூசிலாந்து போன்ற நாடு ஏற்க முன்வந்தும் அவர்களில் சிலரைத் தாய்லாந்து வெளியேற விடவில்லை என்று 2008இல் ஐ.நா. அகதிகள் முகமை வெளிப்படையாகக் குறை சொன்னது. நம் வளவுகளில் நிற்கும் தேக்குத் தூண்கள் அந்தப் பர்மாவின் காடுகளிலிருந்து வந்தவை என்பதால், இதைப் படித்தபோது எனக்குக் கூடுதலாக வலித்தது. நம் நாட்டிலும் அந்தமான் நெடுஞ்சாலையில் ஜாரவா பழங்குடி மக்களை வண்டியிலிருந்து வேடிக்கை பார்த்த வழக்கம் 2012இல் காணொளியாக வெளிவந்து உலகமே முகம் சுளித்தது. எல்லா இடத்திலும் தொடக்கம் சிறியதுதான்: ஓர் அரை மணி நேர நிகழ்ச்சி.

கொல்லிமலைக்கே இவ்வளவு யோசிக்க வேண்டுமென்றால், சிறுமலைக்கு இன்னும் கூடுதலாக யோசிக்க வேண்டும். திண்டுக்கல்லிலிருந்து 18 வளைவுகளில் ஏறிவிடலாம். நமக்கு ஒரு நாள் பயணத்துக்கு உண்மையில் பொருத்தமான மலை அதுதான். புவிசார் குறியீடு பெற்ற சிறுமலை வாழையையும் காபி, மிளகுத் தோட்டங்களையும் பார்த்துக்கொண்டு நிதானமாக நடக்கலாம். ஆனால் அங்குள்ள பளியர்கள், நிலம் வைத்துப் பயிர் செய்யும் கொல்லிமலை மக்களைப் போன்றவர்கள் அல்லர். தேனும் கிழங்கும் தேடி வாழ்ந்த, எண்ணிக்கையில் சிறிய, சண்டை சச்சரவைக் கண்டால் விலகிப் போய்விடும் இயல்புள்ள மக்கள். விருப்பமில்லை என்பதை அவர்கள் வாய்விட்டுச் சொல்ல மாட்டார்கள். அவர்கள் குடியிருப்புக்கு வேன் போகவே கூடாது என்பது என் கருத்து. அவர்களில் ஒருவர் வழிகாட்டியாக வர விரும்பினால் அவரோடு காட்டுப் பாதையில் நடக்கலாம். வீட்டுக்கு அழைத்தால் போகலாம். அழைக்காவிட்டால் அத்துடன் நிற்க வேண்டும்.

உள்ளூர் வழிகாட்டி என்பது மரியாதைக்காக மட்டும் கேட்பதல்ல. 2018 மார்ச் 11ஆம் நாள் தேனி மாவட்டம் குரங்கணியில் காட்டுத்தீயில் சிக்கி மலைநடைக்குப் போன இருபதுக்கும் மேற்பட்டோர் இறந்ததை நாம் மறந்துவிடக் கூடாது. அதற்குப் பிறகே தமிழ்நாட்டில் மலைநடைக்குத் தனி விதிகள் வந்தன. 2024 அக்டோபரில் அரசு தொடங்கிய தமிழ்நாடு மலைநடைத் திட்டத்தில் 14 மாவட்டங்களில் 40 பாதைகள் எளிது, மிதமானது, கடினம் என்று வகைப்படுத்தப்பட்டு, மலையூர்களையும் பழங்குடிகளையும் சேர்ந்த இளைஞர்கள் பயிற்சி பெற்று வழிகாட்டிகளாக இருக்கிறார்கள். நம் ஊர் ஏற்பாட்டாளர்கள் முதலில் அந்தப் பாதைகளுக்கு முன்பதிவு செய்து அழைத்துப் போகலாம். அந்த அமைப்பில் ஆட்டமும் பாட்டும் நிரலில் இல்லை. நடையும் நடத்துகிறவரின் பேச்சும் இருக்கின்றன. அதுவே போதும்.

நான் ஏற்பாட்டாளர்களிடம் கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. பார்க்கும் இடங்களில் ஒன்றைக் குறையுங்கள். அருவி வேண்டுமென்றால் ஊர் நடையை விடுங்கள், ஊர் நடை வேண்டுமென்றால் அருவியை விடுங்கள். அறிவிப்பில் வழிகாட்டி எந்த ஊர்க்காரர் என்பதையும், நாம் கட்டும் பணத்தில் மலையில் எவ்வளவு தங்குகிறது என்பதையும் எழுதுங்கள். ஆடுவதும் பாடுவதும் அவர்களுடைய திருவிழாவில் அவர்களுக்காக நடக்கட்டும். அழைத்தால் அன்றைக்குப் போய் ஓரமாக நின்று பார்ப்போம். சமையலுக்கு ஆள் கூட்டிப் போகாமல், அங்குள்ள மகளிர் குழுவிடம் இலைக்கு இவ்வளவு என்று பேசிச் சாப்பாட்டை ஒப்படையுங்கள். காட்டுத்தீக் காலமான பிப்ரவரி நடுவிலிருந்து ஏப்ரல் நடுவரை நடைகள் நிறுத்தப்படுவதால், அடுத்த பயணத்தைச் சித்திரைக்குப் பின் வைகாசியில் வையுங்கள். அப்போது மலையில் பலாப்பழக் காலம். எவ்வளவு சாமை, எவ்வளவு மிளகு வேண்டும் என்று பயணத்துக்குப் பெயர் கொடுக்கும்போதே எல்லோரிடமும் கேட்டு மலைக்கு முன்கூட்டியே சொல்லிவிட்டால், மூட்டைகளுக்கு வேனின் பின்பக்கத்தில் இடம் விட்டுவைத்தால் போதும். அந்தப் பட்டியலை எழுதித் தொகுக்கும் வேலையை நான் எடுத்துக்கொள்கிறேன்.