கனடா லீயை 'நடிக்க வந்த பாக்ஸர்' என்று சுருக்காதீர்கள்

பாக்ஸிங் படங்களைப் பற்றிப் பேச்சு வந்தாலே ஹீரோவின் குத்தைத்தான் பேசுகிறோம். 1947-ல் வந்த 'பாடி அண்ட் சோல்' படத்தில் ஹீரோ ஜான் கார்ஃபீல்ட். நன்றாகவே செய்திருப்பார். ஆனால் அந்தப் படத்தைத் தாங்குவது பென் சாப்ளினாக வரும் அமெரிக்கக் கறுப்பின நடிகர் கனடா லீ. மூளையில் ரத்தக்கட்டி இருக்கிற கறுப்பினச் சாம்பியன் வேடம். லீயே ஒரு காலத்தில் வெல்டர்வெயிட் எடைப் பிரிவில் முன்வரிசை பாக்ஸர். 'அதனால்தான் இயல்பாக இருக்கிறது' என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள். அது சரியில்லை என்பது என் உறுதியான கருத்து. பாக்ஸர் என்பதால் நடிப்பு தானாக வந்துவிடாது. பல விஷயத்தில் குறுக்கேதான் நிற்கும்.

நிஜ ஜாப், அதாவது முன் கையால் விடும் நேர்க் குத்து, தோளிலிருந்து நேராகப் போய், போன வழியே திரும்பும். கிளம்புவதே தெரியக் கூடாது. கேமராவுக்கு அது பயன்படாது. வீச்சு அகலமாக இருக்க வேண்டும், கிளவுஸுக்கும் முகத்துக்கும் நடுவே ஒரு சாண் விட வேண்டும், அந்த இடைவெளி தெரியாதபடி கேமரா ஒருவரின் தோளுக்குப் பின்னால் நிற்க வேண்டும். வாங்குபவர் சரியான கணத்தில் தலையை வெட்டித் திருப்ப வேண்டும். முன்னே பின்னே ஆனால் தியேட்டரில் சிரிப்புதான். பழகிய பாக்ஸரின் கை இதற்குச் சுலபத்தில் வளையாது. குறுகிய பாதையிலேயே போகும்.

கையைக்கூடப் பழக்கிவிடலாம். முகம்தான் பெரிய சிக்கல். அடி உறைத்ததை வெளியே காட்டாதே என்பது ரிங்கில் ஆரம்பப் பாடம். விலாவில் வாங்கி முகம் சுளித்தால் எதிராளி அடுத்த குத்துகளையும் அங்கேயே இறக்குவான். வருஷக்கணக்கில் வலியை மறைத்துப் பழகியவர் நடிக்க வந்தால் முகம் மரக்கட்டையாக நிற்கும். அதனாலேயே பல முன்னாள் பாக்ஸர்களுக்கு அடியாள், வாயிற்காவலன் வேடம் தாண்டி எதுவும் அமைவதில்லை.

லீ அந்தப் பழக்கத்தை விட்டுவிடவில்லை, அதையே நடிப்பாக்கினார். பென் வலியை மறைக்கிறான். மறைக்கப் படும் பாடு நமக்குத் தெரிகிறது. பயிற்சி முகாமில் சூதாட்டக் கும்பலின் தலைவன் ராபர்ட்ஸ் வந்து அவனை விரட்டுகிற காட்சியைப் பாருங்கள். அதுவரை அடக்கி வைத்தது மொத்தமும் அங்கே உடைகிறது. படத்தின் ஒளிப்பதிவாளர் ஜேம்ஸ் வாங் ஹோவும் இளம் வயதில் பாக்ஸர்தான். சண்டைக் காட்சிகளை ரோலர் ஸ்கேட்டில் நின்று, கையில் கேமரா பிடித்து எடுத்தார். அதைப் பற்றி எழுதாதவர் இல்லை. லீயின் முகத்தைப் பற்றி எழுதுபவர்கள்தான் குறைவு.

அவர் வந்த வழியும் நேரானது அல்ல. 1907-ல் நியூயார்க்கில் பிறந்தார். சின்ன வயதில் வயலின் கற்றார். பிறகு ஓடிப்போய் குதிரைப் பந்தய ஜாக்கி ஆனார், உயரம் கூடியதும் அது முடிந்தது. அடுத்து பாக்ஸிங். கண்ணில் விழுந்த ஒரு குத்தில் விழித்திரை பிரிந்து அந்தக் கண்ணின் பார்வையே போனது. ஒரு கண் போன பாக்ஸருக்கு அந்தப் பக்கத்திலிருந்து வளைந்து வரும் ஹூக் குத்து கடைசி வரை தெரியாது, தூரக் கணக்கும் தவறும். 1933-ல் நிறுத்தினார். வேலை தேடி நியூயார்க்கின் ஹார்லம் பகுதி ஒய்எம்சிஏவுக்குப் போன இடத்தில்தான் நாடகம் கிடைத்தது. 1936-ல் ஆர்சன் வெல்ஸ் ஹார்லத்தின் லஃபாயெட் தியேட்டரில் கறுப்பின நடிகர்களை வைத்துப் போட்ட 'மேக்பெத்'தில் பாங்கோ வேடம். 1941-ல் வெல்ஸே இயக்கிய 'நேட்டிவ் சன்' நாடகத்தில் பிக்கர் தாமஸ். 1945-ல் 'தி டெம்பெஸ்ட்'டில் கேலிபன். மறு வருஷம் 'தி டச்சஸ் ஆஃப் மால்ஃபி'யில் வெள்ளை மேக்கப் போட்டு போசோலா. இந்த வேடங்களில் எதற்கும் கிளவுஸ் தேவைப்படவில்லை!

விக்டர் மெக்லாக்லனோடு ஒப்பிட்டால் ஆத்திரம்தான் வருகிறது. 1909-ல் வான்கூவரில் ஹெவிவெயிட் உலகச் சாம்பியன் ஜாக் ஜான்சனோடு 6 ரவுண்டு கண்காட்சிப் போட்டி ஆடியவர், 'தி இன்ஃபார்மர்' படத்துக்குச் சிறந்த நடிகர் ஆஸ்கர் வாங்கினார். தகுதியான விருதுதான். ஆனால் லீக்கு ஹாலிவுட் 1944-ல் கொடுத்தது 'லைஃப்போட்'டில் கப்பல் பணியாளர் வேடம். அந்த வேடத்தின் கூழைக்கும்பிடு வசனங்களை மாற்றச் சொல்லிப் போராட வேண்டியிருந்தது. பிறகு கம்யூனிஸ்ட் முத்திரை குத்தி ரேடியோவிலும் டிவியிலும் வாய்ப்பை அடைத்தார்கள். கண்ணைப் பறித்தது பாக்ஸிங், பிழைப்பைப் பறித்தது அந்தக் கறுப்புப் பட்டியல். இரண்டாவதுதான் பெரிய அநியாயம் என்பேன்.

1952 மே 9 அன்று 45 வயதில் இறந்தார். அதே பட்டியலில் சிக்கிய கார்ஃபீல்ட் 12 நாள் கழித்து, 39 வயதில்.

பார்க்க நினைப்பவர்கள் 'பாடி அண்ட் சோல்' பார்த்த கையோடு, 1951-ல் ஜோல்டன் கோர்டா தென்னாப்பிரிக்காவில் எடுத்த 'க்ரை, தி பிலவட் கன்ட்ரி'யையும் பாருங்கள். மகனைத் தேடி ஜோஹன்னஸ்பர்க் போகும் வயதான பாதிரியார் குமாலோவாக லீ. உடன் இளம் சிட்னி போய்ட்டியே. முகத்தை விட்டுவிட்டு முதலில் லீயின் தோள்களையும் நடையையும் கவனியுங்கள். எப்போதும் முன்பாதத்தில் தயாராக நின்ற உடம்பு அது. இங்கே எடை முழுக்கக் குதிகாலுக்குப் போயிருக்கும்.