வெட்டிய காது ஆறும் வரை

அழகுக்காக நாய்க்குட்டியின் காது மடலை வெட்டுவதை நான் ஏற்பதில்லை. டாபர்மேன், கிரேட் டேன், பாக்ஸர் போன்ற இனங்களுக்குக் கூரான காதுதான் கம்பீரம் என்பது மனிதர்கள் வைத்துக்கொண்ட கணக்கு. ஆனால், ஏற்கெனவே வெட்டப்பட்ட குட்டியின் புண் ஆறவில்லை, நாற்றம் வருகிறது, என்ன செய்வது என்று ஒருவர் பதறிக்கொண்டு கேட்கும்போது, "வெட்டும்போது தெரியவில்லையா?" என்று ஏசிவிட்டு நகர்ந்துவிடுவதும் சரியென்று எனக்குப் படவில்லை. ஏச்சு வாங்கியவர் அடுத்த முறை கேட்கவே மாட்டார். குட்டியின் காதில் சீழ் மட்டும் ஏறிக்கொண்டே போகும்.

இது தோலில் விழுந்த சாதாரணக் கீறல் அன்று. காது மடல் என்பது இரண்டு தோல்களுக்கு நடுவே இருக்கும் குருத்தெலும்பு. பொதுவாக 7 முதல் 12 வார வயதுக்குள், முழு மயக்கத்தில், மடலின் ஒரு பகுதியை வெட்டி நீக்கி விளிம்பு நெடுகத் தையல் போடுவார்கள். குருத்தெலும்புக்குள் இரத்தக் குழாய்கள் கிடையாது. தன்னைப் போர்த்தியிருக்கும் படலத்திலிருந்துதான் அதற்கு ஊட்டம் கிடைக்கிறது என்பதால், அங்கே கிருமி புகுந்துவிட்டால் எளிதில் ஆறாது. குட்டியின் தடுப்பூசிகளே முடிந்திராத வயது என்பதையும் இதோடு சேர்த்துப் பார்க்க வேண்டும்.

தையல் பிரிக்க ஏறத்தாழ 10 முதல் 14 நாட்கள் ஆகும். அதுவரை குட்டியின் பெரிய எதிரி அதன் பின்னங்கால்தான். புண் காயத் தொடங்கியதும் அரிப்பு எடுக்கும். ஒரு முறை நகத்தால் பிறாண்டினாலே தையல் விட்டுப்போகும், தலையை உதறினால் இரத்தம் சுவரெல்லாம் தெறிக்கும். பார்க்கப் பாவமாக இருக்கிறது என்று, காதைப் பிறாண்டாமல் இருக்கக் கழுத்தில் மாட்டிய கூம்பு வடிவக் காப்பைக் கழற்றிவிடுகிறவர்கள் ஏராளம். அந்தப் பாவம் பார்ப்பதைத் தையல் பிரித்த பிறகு வைத்துக்கொள்ளலாம். கூடவே வளரும் இன்னொரு நாய் நக்காமல், விளையாட்டாகக் காதைக் கவ்வாமல் பிரித்து வைப்பதும் அதே அளவுக்கு முக்கியம்.

புண்ணின் மேல் ஹைட்ரஜன் பெராக்சைடையோ ஸ்பிரிட்டையோ திரும்பத் திரும்ப ஊற்றுவது, புதிதாக வளரும் திசுவையே அரித்துவிடும். வலிக்கிறதே என்று மனிதர்களுக்கான மாத்திரையை உடைத்துக் கொடுப்பது அதைவிட ஆபத்து: இப்யூபுரோஃபென் நாயின் குடலையும் சிறுநீரகத்தையும் கெடுக்கும், பாராசிட்டமால் கல்லீரலைத் தாக்கும். நாய்களுக்கென்றே வலி மருந்துகள் இருக்கின்றன. அளவை எடை பார்த்து மருத்துவர் சொல்ல வேண்டும்.

என் பெரிய வருத்தம், வெட்டிய காது நிமிர்ந்து நிற்பதற்காகச் சுற்றும் டேப் விஷயத்தில்தான். காதை நிமிர்த்திக் கட்டுவதைப் பற்றி ஆலோசனை சொல்பவர்களில் பலர் வடிவத்தைப் பார்க்கிறார்களே ஒழிய, புண்ணைப் பார்ப்பதில்லை. ஆறும் விளிம்பில் வடு இறுகிச் சுருங்கும், அது காதை ஒரு பக்கமாக இழுத்துவிடும் என்பது உண்மை. கட்டு போடுவதற்குக் காரணமும் அதுதான். ஆனால் இறுக்கிச் சுற்றிய டேப்புக்குள் இரத்த ஓட்டம் நின்றால் மடலின் நுனி சில்லிட்டு, நீலம் பாரித்து, பிறகு கறுத்துச் செத்துவிடும். அப்படிச் செத்த பகுதி திரும்ப வளராது. நனைந்த டேப்பை அப்படியே விட்டுவைத்தாலும் உள்ளே தோல் ஊறி அழுகத் தொடங்கும். ஆகவே தினமும் காலையில் கட்டின் அருகே மூக்கைக் கொண்டுபோய் முகர்ந்து பார்க்க வேண்டும். புளித்த வாடையோ அழுகல் நாற்றமோ வந்தால் மாற்றும் நாள் வரை காத்திருக்காமல் அன்றே மருத்துவரிடம் கட்டைப் பிரித்துப் பார்க்கச் சொல்ல வேண்டும். நுனி குளிர்ந்திருந்தாலும், மடல் வீங்கிச் சுட்டாலும், குட்டி சாப்பிடாமல் சுருண்டு படுத்திருந்தாலும் அப்படித்தான்.

இந்தக் கட்டு வாரக்கணக்கில், சில குட்டிகளுக்கு மாதக்கணக்கில் நீளும். பால் பற்கள் விழுந்து புதுப் பற்கள் முளைக்கும் பருவத்தில், நிமிர்ந்து நின்ற காது மீண்டும் மடிவதும் உண்டு. எல்லாம் செய்தும் காது நிற்காமலே போகலாம். மடிந்த காதோடு அந்த நாய் நிம்மதியாக வாழும். நிமிர்த்தியே தீருவேன் என்று மறுபடி கத்தி வைப்பதில் எந்த நியாயமும் இல்லை.

வெட்டினால் காதில் நோய் வராது என்று இன்னமும் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். அப்படியானால் கனத்துத் தொங்கும் காதும் அடிக்கடி காது நோயும் உடைய காக்கர் ஸ்பானியலுக்கு அல்லவா முதலில் வெட்டியிருக்க வேண்டும்? அதற்கு யாரும் வெட்டுவதில்லை. அமெரிக்கக் கால்நடை மருத்துவச் சங்கம் அழகுக்காகக் காது வெட்டுவதை எதிர்க்கிறது. இங்கிலாந்தில் 2006ஆம் ஆண்டின் விலங்கு நலச் சட்டப்படி அது குற்றம். தடையை நான் முழுமனதோடு ஆதரிக்கிறேன். ஆனால் தடை உள்ள இடங்களில், திருட்டுத்தனமாக, மயக்க மருந்துகூட இல்லாமல் வெட்டப்படும் குட்டிகளும் இருக்கின்றன. வாங்கியவர் மாட்டிக்கொள்வோமோ என்ற பயத்தில் மருத்துவரிடம் போகாமல் இணையத்தில் கைவைத்தியம் தேடுகிறார். தத்தெடுத்தவர் வெட்டியவர் அல்லர் என்பதும் பலருக்கு மறந்துபோகிறது.

அதனால் யாராவது கேட்டால், எப்போது வெட்டப்பட்டது, கடைசியாகக் கட்டு மாற்றியது எப்போது, என்னென்ன மருந்து உள்ளே போயிருக்கிறது என்று மட்டும் கேளுங்கள். அந்த விவரங்களை ஒளிக்காமல் கால்நடை மருத்துவரிடம் சொல்லச் சொல்லி, அன்றைக்கே குட்டியைத் தூக்கிக்கொண்டு போகச் சொல்லுங்கள். வெட்டியது யார், சரியா தவறா என்ற வழக்கைத் தையல் பிரித்த பிறகு நானும் உங்களோடு சேர்ந்து பேசுகிறேன்.