சுழல் தசமத்தைப் பின்னமாக்கும் வழியைக் காரணத்தோடு சொல்லித்தாருங்கள்

ஒன்பதாம் வகுப்புக் கணிதத்தில், மெய்யெண்கள் பாடத்தில், சுழல் தசமங்களை, அதாவது புள்ளிக்குப் பின் ஒரே இலக்கங்கள் முடிவின்றித் திரும்பத் திரும்ப வரும் தசமங்களை, பின்னமாக மாற்றும் பகுதி ஒன்று வருகிறது. எங்கள் கோபிசெட்டிபாளையம் வட்டாரத்தில் தேர்வு நெருங்கும்போது பல பிள்ளைகளுக்கு இதற்கென்று சொல்லித்தரப்படுவது ஒரு குறுக்குவழி மட்டுமே: புள்ளிக்குப் பின்னால் உள்ள இலக்கங்களை மேலே எழுது, அத்தனை ஒன்பதுகளைக் கீழே போடு. 0.4545… என்பதற்கு 45/99, அதாவது 5/11, என்று சரியான விடை வந்துவிடுவதால் பிள்ளையும் நிறைவடைகிறது, பெற்றோரும் நிறைவடைகிறார்கள். அதே பிள்ளையிடம் 0.8333… கொடுத்தால் 83/99 என்று எழுதுகிறது. அது 0.8383… என்னும் வேறோர் எண்.

அந்த ஒன்பது எங்கிருந்து வருகிறது என்பதே இங்கே பாடம். x = 0.4545… என்க. சுழலும் இலக்கங்கள் இரண்டு என்பதால் நூறால் பெருக்கினால் 100x = 45.4545… ஆகிறது; புள்ளிக்குப் பின்னால் இரண்டிலும் ஒரே முடிவற்ற வரிசை நிற்பதால், ஒன்றிலிருந்து மற்றொன்றைக் கழித்ததும் அது முழுவதும் நீங்கி 99x = 45 மிஞ்சுகிறது. நூறில் ஒன்று போனதால் வந்தது அந்த 99. 0.8333… என்பதில் சுழல்வது 3 மட்டுமே; ஆகவே 100x = 83.333…, 10x = 8.333… என இரண்டையும் வால் பொருந்துமாறு நிறுத்திக் கழித்தால் 90x = 75, x = 5/6. இதைப் புரிந்துகொண்ட பிள்ளைக்கு எந்தக் குறுக்குவழியையும் மனப்பாடம் செய்ய வேண்டிய தேவை இல்லை.

இலக்கங்கள் ஏன் சுழல்கின்றன என்பதையும் இதற்கு முன்பே காட்டிவிட வேண்டும் என்று உறுதியாக நினைக்கிறேன். 1-ஐ 7-ஆல் நெடுவகுத்தல் முறையில் வகுக்கும்போது மீதிகள் 3, 2, 6, 4, 5, 1 என்று வருகின்றன. 7-ஆல் வகுக்கையில் பூச்சியம் அல்லாத மீதிகளாக 1 முதல் 6 வரையிலான ஆறு எண்கள் மட்டுமே வர முடியும் என்பதால், வந்த மீதி மறுபடி வந்தே தீரும். வந்ததும் 142857 என்ற அதே இலக்கங்கள் மீண்டும் தொடங்குகின்றன. எளிய வடிவப் பின்னத்தின் பகுதிக்கு (கீழே உள்ள எண்ணுக்கு) 2, 5 தவிர வேறு பகாக் காரணி இருந்தால் தசமம் முடிவுறாது என்ற விதியும் இந்த வகுத்தலிலிருந்தே விளங்கும்.

தேர்வுக்கு வெளியே இதனால் என்ன பயன் என்று கேட்பவர்கள் நம் ஊர்ப் பாகப்பிரிவினைப் பத்திரங்களைப் பார்க்கலாம். ஒரு ஏக்கரை மூவருக்குப் பிரித்து ஆளுக்கு 33.33 சென்ட் என்று எழுதினால் 0.01 சென்ட், அதாவது நான்கு சதுர அடிக்குச் சற்று அதிகமான இடம், யாருக்கும் சேராமல் நிற்கிறது. கிணற்றிலும் மோட்டாரிலும் ‘பொதுவில் 3-ல் 1 பாகம்’ என்று எழுதும்போது எதுவும் விடுபடுவதில்லை. தசமத்தைப் பாதியில் வெட்டினால் இழப்பதைப் பின்னம் முழுமையாகக் காக்கிறது.

இதே முறையில் 0.999… என்பதை எடுத்தால் 9x = 9, x = 1. “ஒன்றுக்குக் கொஞ்சம் குறைவுதானே?” என்று பிள்ளைகள் விடாமல் கேட்பார்கள், அந்தக் கேள்வியை அடக்கிவிடாதீர்கள். குறைவு என்றால் எவ்வளவு குறைவு என்று சொல்லச் சொல்லுங்கள். எவ்வளவு சிறிய எண்ணைச் சொன்னாலும், போதுமான ஒன்பதுகளை எழுதியதும் வித்தியாசம் அதற்கும் கீழே போய்விடுவதை அவர்களே கழித்துப் பார்த்துக்கொள்வார்கள்.